வல்லரசு ஆடத் தெரியாதவள்

எனக்குக் கோபம் சட்டென்று வரும். முதலிலேயே சொல்லிவிடுகிறேன், பின்னால் யாரும் என்னைக் குறை சொல்ல வேண்டாம். எங்கள் தலைநகர் உலான்பாத்தாரில் ஒரு பல்கலைக்கழகத்தின் சர்வதேச உறவுத் துறைக்குத் தலைவி நான். பெயர் துலாம்சுரேன். வல்லரசுகள் ஒன்றோடொன்று எப்படி நடந்துகொள்கின்றன, உலக ஒழுங்கு என்று ஒன்று உண்டா, உண்டென்றால் அதைப் போட்டது யார் என்பதெல்லாம்தான் எங்கள் பாடம். இதைக் கடலோர ஊர்களில் உட்கார்ந்து படிப்பது வேறு. வடக்கே ஒரு மலை போன்ற நாடு, தெற்கே ஒரு மலை போன்ற நாடு, நடுவில் நாங்கள் என்று உட்கார்ந்து படிப்பது வேறு. எங்களுக்கு இது வானிலை அறிக்கை மாதிரி. காலையில் அதைப் பார்த்துவிட்டுத்தான் கோட்டை மாட்டிக்கொள்வோம்.

தோக்கியோ, சியோல், பெய்ஜிங், மாஸ்கோ, பாஸ்டன் என்று ஐந்து ஊர்ப் பேராசிரியர்கள் சேர்ந்து வருஷத்துக்கு ஒருமுறை ஒரு நெருக்கடி ஆட்டம் நடத்துவார்கள். ஆளுக்கொரு நாட்டை எடுத்துக்கொண்டு ஒரு கற்பனைச் சிக்கலை விளையாடிப் பார்ப்பது. யார் மிரட்டினார்கள், யார் இறங்கி வந்தார்கள், எங்கே பிடி நழுவியது என்று அலசி அறிக்கை எழுதுவார்கள். அந்த அறிக்கையைத்தான் பிறகு எல்லா ஊர் மாணவர்களும் படிப்பார்கள். நாங்கள் அதில் பார்வையாளர். அதாவது, அவர்கள் பெரிய மேசையைச் சுற்றி உட்கார்ந்து எங்கள் தலைக்கு மேலே எண்ணெய்க்குழாய் போடுவதா ரயில் விடுவதா என்று விளையாடுவார்கள். நாங்கள் சுவரோரம் நாற்காலியில் உட்கார்ந்து குறிப்பெடுப்போம். ஒலிவாங்கி கிடையாது. அறிக்கையில் எங்கள் பெயர் நன்றி சொல்லும் பக்கத்தில் வரும். எத்தனையோ வருஷம் அப்படிச் சுவரோரம் உட்கார்ந்திருக்கிறேன். வயிறு எரியும்.

அந்த இலையுதிர் காலத்தில் எங்கள் அதிர்ஷ்டம், அந்த ஐந்து பேருக்குள் சண்டை. உன் ஊருக்கு நான் வரமாட்டேன், என் ஊருக்கு நீ வராதே என்று இடம் மாற்றி மாற்றி, கடைசியில் யாருக்கும் யாரோடும் வம்பில்லாத ஊர் எது என்று தேடினார்கள். உலான்பாத்தார்தான் கிடைத்தது. நான் உடனே பேரம் பேசினேன். எங்கள் கூடத்தில் ஆடுங்கள், சாப்பாடு போடுகிறோம், அறை சூடாக இருக்கும். ஆனால் இந்த முறை நாங்களும் ஒரு நாட்டை விளையாடுவோம். ஆட்டம் முடிந்ததும் எங்களை ஆறாவது உறுப்பினராகச் சேர்ப்பதா வேண்டாமா என்று ஓட்டெடுக்க வேண்டும். ஒருவர் வேண்டாம் என்றாலும் கிடையாது என்பது அவர்கள் விதி. சரி என்றேன். எனக்கு அந்த மேசையில் ஓர் இடம் வேண்டும். வேறொன்றும் வேண்டாம்.

தோக்கியோவின் இனகாகி அம்மையார் அந்த வருஷம் நடுவர். மெலிந்த உடம்பு, மெல்லிய குரல், ஆனால் அவர் ஒரு வார்த்தை சொன்னால் எல்லோரும் பேனாவைக் கீழே வைத்துவிடுவார்கள். ஆட்டத்தில் ஐந்து நாடுகள். நிஜப் பெயர் வைத்தால் தகராறு வருமென்று வடக்கு, தெற்கு, தீவு, கடலுக்கு அப்பால், நடு என்று பெயர் வைத்திருந்தார்கள். எது எதுவென்று குழந்தைக்கும் தெரியும். யாரும் சொந்த நாட்டை எடுக்கக்கூடாது. சீட்டுக் குலுக்கிப் போடுவதற்குப் பதிலாக, ஆட்டின் கணுக்கால் எலும்புகளில் நாட்டுக்கொரு சாயம் பூசி என் சக விரிவுரையாளர் தம்தினின் நரித்தோல் தொப்பியில் போட்டு நீட்டினோம். எங்கள் ஊரில் எலும்பு இல்லாமல் விளையாட்டு ஏது?

சியோலின் ஓக் வடக்கை எடுத்தார். பெய்ஜிங்கின் லுவோவுக்கு 'கடலுக்கு அப்பால்' வந்தது. "அய்யய்யோ, ஊருக்குப் போனா பொண்டாட்டி சேத்துக்க மாட்டா" என்று லுவோ சொல்ல, எல்லோரும் சிரித்தார்கள். மாஸ்கோவின் கிளெப் அர்காதியெவிச்சுக்குத் தீவு. எனக்குத் தெற்கு.

பாஸ்டனின் ஸ்ட்ராவுட்டுக்கு நடு.

ஸ்ட்ராவுட்டைப் பற்றிச் சொல்ல வேண்டும். நெடுநெடுவென்று உயரம், நல்ல மனிதர், யாரைக் கண்டாலும் கதவைப் பிடித்துக்கொண்டு நிற்பார். ஆனால் அவர் எழுதிய புத்தகம் உலகம் முழுக்க முதலாண்டு மாணவர்களுக்குப் பாடம். அதில் ஓர் அத்தியாயம் இருக்கிறது. இரண்டு வல்லரசுகளுக்கு நடுவே மாட்டிக்கொண்ட சிறு நாடு ஒரு பக்கம் சாய்ந்தே தீரும், சாயாவிட்டால் காணாமல் போகும் என்று. வருஷா வருஷம் நானே அதை வகுப்பில் நடத்துவேன். நடத்திவிட்டு வந்து தம்தினிடம் கத்துவேன்.

கையிலிருந்த நீல எலும்பைத் திருப்பிப் பார்த்துவிட்டு ஸ்ட்ராவுட் சொன்னார்: "அட, இது ஈஸியாச்சே."

எனக்கு ஜிவ்வென்று ஏறியது. தம்தின் என் கோட்டு நுனியைப் பிடித்து இழுத்தான்.

"அக்கா, விடுங்க. இன்னிக்கு நாம சின்ன ஆள் இல்ல. தெற்கு நம்ம கையில. நெஞ்ச நிமித்திட்டு உக்காருங்க. இந்த ஒரு நாள் நாம யாருன்னு காட்டிடலாம்."

அவன் சொன்னதும் சரிதான். சுவரோரம் எங்கள் மாணவர்கள் வரிசையாக உட்கார்ந்திருந்தார்கள். வல்லரசை வல்லரசு போல விளையாடிக் காட்டினால்தானே மேசையில் இடம் தருவார்கள்? நான் நிமிர்ந்து உட்கார்ந்தேன்.

முதல் சுற்றிலேயே ஸ்ட்ராவுட் தன் புத்தகத்தில் எழுதியதைச் செய்தார். நேரே லுவோவின் மேசைக்குப் போய், கடலுக்கு அப்பால் நாட்டுக்கு விமானதளம் ஒன்றை எழுதிக் கொடுத்தார். ஒரு பக்கம் சாய்ந்தாகிவிட்டது. கை தட்டிக்கொண்டு வந்து உட்கார்ந்தார். உடனே ஓக், வடக்கிலிருந்து நடுவுக்குப் போகும் பெட்ரோலை நிறுத்துவதாக ஒரு சீட்டு எழுதி இனகாகியிடம் கொடுத்தார்.

அடுத்தது என் முறை. தெற்கு என்ன செய்யும்? ரயிலை நிறுத்தும். தம்தின் சீட்டை எழுத, நான் கையெழுத்துப் போட்டேன். நடு நாட்டின் நிலக்கரி வண்டிகள் எல்லையில் நின்றன. அவ்வளவுதான். ஒரு சீட்டு, ஒரு கையெழுத்து. நிஜத்தில் அப்படி எல்லை மூடிய ஒரு குளிர்காலம் எனக்கு நினைவிருக்கிறது. கடையில் மாவு இல்லை, லாரி ஓட்டுநர்கள் எல்லையிலேயே வண்டிக்குள் தூங்கினார்கள். அந்த மாதிரி ஒன்றை இப்போது நானே செய்துவிட்டேன். அது இவ்வளவு சுலபம் என்பதே எனக்குப் பிடிக்கவில்லை.

"சூப்பர் அக்கா" என்றான் தம்தின். ஆனால் அவன் முகமும் சரியில்லை.

மத்தியானம் பூஸ் என்ற எங்கள் இறைச்சிக் கொழுக்கட்டை. கொழுப்பு முழங்கை வரை வழியாமல் சாப்பிட விருந்தாளிகள் படாத பாடு பட்டார்கள். கிளெப் மட்டும் எங்கள் ஆள் மாதிரி ஓரத்தைக் கடித்து உறிஞ்சிவிட்டுச் சாப்பிட்டார். உப்புப் போட்ட பால் தேநீரைக் குடித்துக்கொண்டே என்னைச் சீண்டினார்.

"துலாம், உங்களுக்கு வல்லரசுக் கோட்டு நல்லாத்தான் இருக்கு. தோள்தான் கொஞ்சம் தொளதொளன்னு இருக்கு."

"தைச்சு இறுக்கிக்கிறேன், கிளெப் அர்காதியெவிச். நீங்க உங்க தீவு முழுகிடாம பாத்துக்கோங்க."

இரண்டாம் சுற்றில்தான் நான் மாட்டிக்கொண்டேன். இனகாகி நெருக்கடி அட்டையை வாசித்தார். நடு நாட்டில் எரிபொருள் இல்லை, ஜனங்கள் தெருவுக்கு வந்துவிட்டார்கள், வடக்கு தன் படையைப் பயிற்சி என்று சொல்லி எல்லைக்கு நகர்த்துகிறது. இப்போது தெற்கும் நகர்த்த வேண்டும். நகர்த்தாவிட்டால் ஆட்டத்தில் நான் இருக்கிறேன் என்று யார் நம்புவார்கள்? நகர்த்துவது என்று முடிவு செய்தோம். தம்தின் உத்தரவை எழுதினான்.

அப்புறம் நான் ஒரு வேலை செய்தேன். யோசித்துச் செய்யவில்லை. கை தானாகச் செய்தது. "நாங்கள் எங்கள் எல்லைக்குள்ளேயே படைப்பயிற்சி நடத்தப்போகிறோம். யார் மீதும் கோபம் இல்லை. உங்கள் கருத்தைக் கேட்க விரும்புகிறோம்" என்று எழுதி, அதையே இன்னொரு தாளில் ஒரு எழுத்து மாறாமல் எழுதினேன். ஒன்றை நான் எடுத்துக்கொண்டேன், இன்னொன்றைத் தம்தின் எடுத்துக்கொண்டான். அவனிடம் நான் ஒன்றுமே சொல்லவில்லை. அவனும் கேட்கவில்லை. அவன் ஓக்கின் மேசைக்குப் போனான், நான் லுவோவின் மேசைக்குப் போனேன். கூடத்தின் இரு கோடியில் நின்று ஒருவரை ஒருவர் பார்த்தோம். நான் தலையை அசைத்தேன். இருவரும் ஒரே நேரத்தில் தாளை மேசைமேல் வைத்தோம்.

எங்கள் துறையில் எப்போதும் அப்படித்தான். இரண்டு பெரிய தூதரகங்களுக்கும் அழைப்பிதழ் கொடுப்பதென்றால் இரண்டு பேர், இரண்டு வண்டி, ஒரே மணி. முதலில் அவருக்கா கொடுத்தீர்கள் என்று யாரும் கேட்டுவிடக்கூடாது. அப்படியே பழகிப்போன உடம்பு. வல்லரசாக இருக்கும்போது அதெல்லாம் வேண்டாம் என்று உடம்புக்குத் தெரியவில்லை.

லுவோ தாளைச் சத்தமாக வாசித்தார். பிறகு கிளெப் வெடித்துச் சிரித்தார்.

"என்னம்மா இது, கல்யாணப் பத்திரிகை வெக்கிற மாதிரி! டாங்கியை அனுப்பறதுக்கு முன்னாடி பெர்மிஷன் கேக்கிற வல்லரசை நான் இப்பதான் பாக்கறேன்!"

லுவோ கண்ணைத் துடைத்துக்கொண்டு சிரித்தார். ஸ்ட்ராவுட்டும் சிரித்தார். இனகாகி உதட்டை மடித்துக்கொண்டார். சுவரோரம் எங்கள் மாணவர்கள் குனிந்துகொண்டார்கள். எனக்குக் காது வரை கொதித்தது. இத்தனை வருஷம் காத்திருந்து ஒரு வாய்ப்பு, அதில் இப்படி அசடு வழிந்தோமே என்று அழுகையே வந்துவிட்டது. தம்தினின் முகத்தில் ரத்தமில்லை.

"அக்கா, நானும்தானே போனேன்" என்றான். "யோசிக்கவே இல்ல."

"வாயை மூடு. அடுத்த சுற்றைப் பாரு."

ஆனால் அடுத்த சுற்று வரவில்லை. ஓக் அந்தத் தாளைத் திருப்பித் திருப்பிப் பார்த்தார். வெளிச்சத்தில் பிடித்துப் பார்த்தார். தன் உதவியாளரிடம் குசுகுசுத்தார். கடைசியில் என் மேசைக்கு வந்து நின்றார்.

"மேடம், இதுல என்ன சூழ்ச்சி?"

"ஒண்ணும் இல்ல."

"சும்மா சொல்லாதீங்க."

"எழுதியிருக்கிறதுதான். வேற ஒண்ணும் இல்ல, சார்."

அவர் நம்பவில்லை. ஆனால் எங்கே பொறி இருக்கிறது என்று தேடிக்கொண்டே இருந்ததால் அவர் படையை எல்லையைத் தாண்டி நகர்த்தவில்லை. லுவோவும் அதே சீட்டு ஓக்கிடமும் இருக்கிறது என்று தெரிந்ததும் விமானதளத்துக்கு அனுப்பவிருந்த விமானங்களை நிறுத்திவைத்தார். நேரம் போய்க்கொண்டிருந்தது, யாரும் யாரையும் சுடவில்லை. பழைய ஆட்டங்களிலெல்லாம் இந்நேரத்துக்குப் போர் மூண்டிருக்கும்.

மாட்டியது ஸ்ட்ராவுட்தான். பெட்ரோல் இல்லை, ரயில் இல்லை, தளம் வாங்கிக்கொண்ட லுவோவோ "கடல் தூரம், கப்பல் வர நாளாகும்" என்று கைவிரித்துவிட்டார். ஸ்ட்ராவுட் மேசை மேசையாக அலைந்தார். அந்த உயரமான மனிதர் என் மேசைக்கு எதிரில் வந்து நின்றபோது சட்டைக் காலரைத் தளர்த்தியிருந்தார்.

"மேடம், எங்க ஜனங்க குளிர்ல சாகப்போறாங்க. நான் என்ன பண்றது?"

எங்க ஜனங்க என்றார். எனக்கு அது சுருக்கென்று பட்டது.

தம்தின் என் காதருகில் குனிந்தான். "அக்கா, முழுங்கிடலாம். பாதுகாப்பு தர்றோம்னு சொல்லி கையெழுத்து வாங்கிட்டா நடு நம்மளது. மார்க் எல்லாம் நமக்குத்தான். ஜெயிச்சிடுவோம். ஜெயிச்சா மேசையில இடம் குடுக்க மாட்டேன்னு யாரு சொல்ல முடியும்?"

அவன் கணக்கு சரி. இனகாகியின் மதிப்பெண் பட்டியலில் ஒரு நாட்டைச் சேர்த்துக்கொண்டவருக்குத்தான் முதலிடம். எனக்கு வேண்டிய இடம் ஒரு கையெழுத்து தூரத்தில் இருந்தது. ஆட்டம்தானே, விளையாட்டுதானே என்று மனசுக்குள் சொல்லிப் பார்த்தேன். தம்தினைப் பார்த்தேன். அவன் கண் என்னிடம் வேறு ஏதோ கெஞ்சியது. வாய் முழுங்கச் சொன்னது, கண் வேண்டாம் என்றது.

"முழுங்க மாட்டேன்டா" என்றேன். "எனக்குத் தொண்டையில இறங்காது."

தம்தின் மூச்சை விட்டான். "அப்பாடா" என்றான்.

ஸ்ட்ராவுட்டை உட்காரச் சொன்னேன். "பேப்பர் எடுங்க. எனக்கு ஒரு லெட்டர் எழுதுங்க, ரயிலைத் திறங்கன்னு. அதே லெட்டரை ஓக் சாருக்கும் எழுதுங்க, ரயில்ங்கிற இடத்துல மட்டும் பெட்ரோல்னு மாத்தி. எங்க மண்ணுல யார் படையும் நிக்காதுன்னு ரெண்டுலயும் எழுதுங்க. லுவோ சாருக்குக் குடுத்த தளத்தைத் திரும்ப வாங்குங்க."

"குடுத்ததைத் திருப்பிக் கேக்கறதா? கெஞ்சறதா? மானம் போயிடுமே மேடம்."

"மானமா? உங்களுக்கு இந்த நாடு காலையிலதான் கிடைச்சுது, அதான் மானத்தைப் பத்திப் பேசறீங்க. எழுதுங்க. கெஞ்ச வேணாம். ரெண்டு பேருக்கும் ஒரே மாதிரி நிமிந்து எழுதுங்க. ஒருத்தர் திறந்தா இன்னொருத்தர் திறக்காம இருக்க முடியாது. எனக்கே முடியாது பாருங்க, நான் தெற்கு."

அவர் எழுதினார். அடித்து அடித்து எழுதினார். லுவோவிடம் போய்த் தளத்தைத் திரும்பக் கேட்டபோது அவர் கழுத்தெல்லாம் சிவந்திருந்தது. சும்மா நிற்கும் தளத்தால் லுவோவுக்கும் லாபம் இல்லை, விட்டுக்கொடுத்தார். நான் ரயிலைத் திறந்தேன். அதைப் பார்த்துவிட்டு ஓக் பெட்ரோலைத் திறந்தார். மணி அடித்தது. ஐந்து நாடுகளும் அப்படியே இருந்தன.

இனகாகி மதிப்பெண் வாசித்தார். தீவுக்கு முதலிடம். கிளெப் ஒன்றுமே செய்யாமல் மீன் பிடித்துக்கொண்டிருந்ததால் அவருக்கு நஷ்டமே இல்லை. தெற்கு கடைசி. நடு கூட எங்களுக்கு மேலே. பிறகு நடுவர் குறிப்பை வாசித்தார்: "தெற்கு வல்லரசைப் போல நடந்துகொள்ளவில்லை. அதன் நடத்தை நம்பும்படியாக இல்லை."

உறுப்பினர் கூட்டத்துக்காக எல்லோரும் பெரிய மேசையைச் சுற்றி உட்கார்ந்தார்கள். நான் நின்றுகொண்டிருந்தேன். எங்களைச் சேர்ப்பதா என்பதுதான் முதல் விஷயம்.

கிளெப் தொண்டையைச் செருமினார். எனக்கு ஆகாதவர் இல்லை, ஆனால் வேலை என்று வந்தால் வேலைதான். "எனக்கு துலாம் மேல மரியாதை உண்டு. ஆனா இது வல்லரசுகளைப் படிக்கிற இடம். வல்லரசு எப்படி நடக்கும்னு இவங்களால காட்ட முடியல. நம்ம அறிக்கையை எழுதற இடத்துல உக்கார்றதுக்கு அது வேணுமே."

லுவோ தலையாட்டினார். ஓக் தாளைப் பார்த்துக்கொண்டிருந்தார். அந்த ஒரே ஒரு விஷயத்தில் நிஜ வடக்கான மாஸ்கோவுக்கும் நிஜத் தெற்கான பெய்ஜிங்குக்கும் என்ன ஒற்றுமை! இனகாகி என்னைப் பார்த்தார். "நீங்க ஏதாவது சொல்லணுமா, மேடம்?"

எனக்குக் கோபம் வரும் என்று நினைத்தேன். வரவில்லை. அதற்குப் பதில் வேறொன்று வந்தது, நெஞ்சு முழுக்க. பெருமை என்றுதான் அதைச் சொல்ல வேண்டும்.

"கிளெப் அர்காதியெவிச் சொல்றது உண்மைதான்" என்றேன். "எனக்கு வல்லரசு ஆடத் தெரியல. என் டிபார்ட்மெண்ட்ல யாருக்கும் தெரியாது. அதுக்கு நான் வெக்கப்படப் போறதில்ல. உங்க எல்லாருக்கும் அது தெரியும், ரொம்ப நல்லாவே தெரியும். அதனாலதான் நீங்க ஆடற ஒவ்வொரு ஆட்டமும் சாயந்திரத்துக்குள்ள சண்டையில முடியுது. அதைப் பத்தி அறிக்கை எழுதறீங்க. நாங்க அதைப் படிச்சு பரீட்சை எழுதறோம்."

யாரோ நாற்காலியை நகர்த்தினார்கள். நான் நிறுத்தவில்லை.

"நாங்க படிக்கிறது வேற படிப்பு. ரெண்டு பெரியவங்களுக்கு நடுவுல ஒரு வீடு எப்படி அடுப்பு அணையாம இருக்கணும்ங்கிற படிப்பு. வடக்கே முகம் சுளிச்சா என்ன, தெற்கே கதவை மூடினா என்ன, ரெண்டும் ஒரே நாள்ல நடந்தா என்னன்னு எங்களுக்கு மனப்பாடம். நடுவுல இருக்கிற சின்ன நாடு ஒரு பக்கம் சாயும், இல்லேன்னா காணாமப் போகும்னு உங்க புஸ்தகத்துல போட்டிருக்கு. வருஷா வருஷம் நானே அதை நடத்தறேன். ஜன்னலைத் திறந்து பாருங்க சார். ஊரு இருக்கு. டிராஃபிக் ஜாம் கூட இருக்கு. நாங்க காணாமப் போகலையே! அப்ப தப்பு யார் மேல? எங்க மேலயா, புஸ்தகத்து மேலயா?"

குரல் உடைந்துவிட்டது. பரவாயில்லை என்று விட்டுவிட்டேன். சுவரோரத்திலிருந்து ஒரு மாணவி கை தட்டினாள், தம்தின் முறைத்ததும் நிறுத்தினாள். அவன் கண்ணும் நிறைந்துதான் இருந்தது.

ஸ்ட்ராவுட் மட்டும் கையைத் தூக்கினார்.

"என் ஓட்டு சேத்துக்கலாம்கிறதுக்கு. அறிக்கையிலயும் ஒண்ணு எழுதிக்கோங்க. மத்தியானச் சாப்பாட்டுக்கு முன்னாடியே நான் நாட்டைத் தொலைச்சிட்டேன். என் புத்தகப்படிதான் தொலைச்சேன்."

ஓக் கையைத் தூக்கினார். "இன்னும் அந்தச் சீட்டுல என்ன சூழ்ச்சின்னு எனக்குப் புரியல. அதைக் கண்டுபிடிக்கிற வரைக்கும் இவங்க இருக்கட்டும்" என்றார். எல்லோரும் சிரித்தார்கள், இந்த முறை அது என்னைச் சுடவில்லை. இனகாகி நடுவர் என்றாலும் தோக்கியோவின் ஓட்டு அவருடையது. அவரும் கையைத் தூக்கினார்.

கிளெப்பும் லுவோவும் மிச்சம். இருவரும் ஒருவரை ஒருவர் ஓரக்கண்ணால் பார்த்துக்கொண்டார்கள். கிளெப் கேட்டார்: "நீங்க உள்ள வந்தா எந்தப் பக்கம் ஓட்டுப் போடுவீங்க, துலாம்?"

"அதையேதான் நானும் கேக்க இருந்தேன்" என்றார் லுவோ.

"ரெண்டு பேருக்கும் ஒரே பதில்தான்" என்றேன். "எங்க பக்கம்."

கிளெப்புக்குச் சிரிப்பு வந்துவிட்டது. கையைத் தூக்கினார். லுவோவும் தூக்கினார். யார் முதலில் தூக்கினார்கள் என்று இனகாகி எழுதிக்கொள்ளவில்லை, நல்ல வேளை.

தம்தின் ஒரு நாற்காலியைத் தூக்கிக்கொண்டு மேசையருகே வந்துவிட்டான். எங்கே போடுவது என்று தெரியாமல் நின்றான். ஒரு கோடியில் திரை, மறுகோடியில் கதவு. ஓக்குக்கும் ஸ்ட்ராவுட்டுக்கும் இடையில் ஒரு கை நுழைய இடமில்லை. கிளெப்புக்கும் லுவோவுக்கும் நடுவில்தான் இடம் இருந்தது, அவர்கள் பைகளை வைத்திருந்த இடம். "என் வலப்பக்கம் வாங்களேன்" என்றார் கிளெப். "இல்ல, என் இடப்பக்கம் வாங்க" என்றார் லுவோ. இரண்டும் ஒரே இடம் என்பது இருவருக்கும் அப்புறம்தான் தெரிந்தது.

கூடம் முழுக்கச் சிரிப்பு. எனக்கும் சிரிப்பு வந்தது. தம்தின் நாற்காலியை அங்கே போட்டான். நான் போய் நின்றேன். கிளெப்பின் முழங்கை ஒரு பக்கம், லுவோவின் கோப்புகள் ஒரு பக்கம், மேசையில் என் கையை வைக்கக்கூட இடமில்லை.

"ரெண்டு பேரும் கொஞ்சம் தள்ளி உக்காருங்க" என்றேன்.

தள்ளி உட்கார்ந்தார்கள்.